பட்டாணி, கடுகு, மேலே கொஞ்சம் பிஸ்கட்

நோர்மா டீக் வீட்டுக்கு வந்து சேரும் பிள்ளைகளிடம் அவள் முதலில் கேட்பது பெயரை அல்ல. பெயர்தான் பிள்ளையை அனுப்பிவைக்கும் கவுண்டி ஆபீஸ், அதாவது மாவட்ட ஆபீஸ், காகிதத்திலேயே இருக்கிறதே. "பசிக்குதா?" என்றும் கேட்க மாட்டாள். கேட்டால் எல்லாப் பிள்ளையும் இல்லை என்றுதான் சொல்லும். அலமாரியைத் திறந்து மக்ரோனிப் பெட்டியை எடுத்துக் காட்டி, "உங்க வீட்டுல இதுல என்ன போடுவாங்க?" என்பாள். அவ்வளவுதான். அதற்குப் பதில் சொல்லாத பிள்ளையை அவள் அதிகம் பார்த்ததில்லை.

ஓஹையோவில் எங்கள் மில்பர்ன் மாதிரி ஊர்களில் அந்தப் பெட்டி இல்லாத வீடு கிடையாது. மக்ரோனியை வேகவைத்து வடித்து, கூடவே வரும் சீஸ் பொடியைப் பாலும் வெண்ணெயும் விட்டுக் கிளறினால் நொடியில் ஒரு சாப்பாடு. நீதிபதி வீட்டிலும் அதே ருசிதான், குடிகாரன் வீட்டிலும் அதே ருசிதான். வீட்டுக்கு வீடு மாறுவது மேலே சேர்க்கிற சாமான் மட்டும். சிலர் சாசேஜை வட்டம் வட்டமாக நறுக்கிப் போடுவார்கள். சிலர் டின் மீன். கெச்சப்பை ஊற்றிச் சிவப்பாக்கிச் சாப்பிடுகிற கூட்டமும் உண்டு, அவர்களை நான் ஒன்றும் சொல்வதற்கில்லை.

நோர்மாவுக்குச் சொந்தப் பிள்ளை வாய்க்கவில்லை. பெற்றவர்களிடமிருந்து கோர்ட்டு பிரித்துக்கொண்டுவரும் பிள்ளைகளை, வீடு சரியாகும்வரை வைத்துப் பார்த்துக்கொள்கிறேன் என்று கையெழுத்துப் போட்டாள். முதலில் வந்த பையனுக்காகக் காலையிலிருந்தே அடுப்பில் மாட்டிறைச்சி, காரட், உருளைக்கிழங்கு. கவுண்டித் திருவிழாவில் பழம் வைத்துச் சுடும் 'பை' பலகாரம் செய்து பரிசு வாங்கிய கை அது. பையன் வாயை இறுக்கி மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மறுநாளும் அப்படியே.

அவள் புருஷன் லாய்ட் கேஸ் லாரி ஓட்டுகிறவன். "உன் கறியப் பாத்தா அவனுக்குப் பயமா இருக்கு நோர்மா. கல்யாணமான புதுசுல எனக்கும் அப்படித்தான் இருந்துச்சு," என்று சொல்லிவிட்டு, தனக்குச் செய்யத் தெரிந்த ஒரே சாப்பாட்டைப் பெட்டியைப் பிரித்துச் செய்து வைத்தான். பையன் ரெண்டு வாய் சாப்பிட்டுவிட்டு நிமிர்ந்தான்.

"சிப்ஸ் எங்க?"

"சிப்ஸா?"

"எங்க வீட்டுல மேல சிப்ஸ நொறுக்கிப் போடுவாங்க."

லாய்ட் கடைக்கு ஓடினான். அன்றைக்குப் பையன் தட்டை வழித்துச் சாப்பிட்டான், பேசவும் பேசினான். நோர்மா ரெண்டு நாள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள். ஆனால் பாடம் மனசில் ஏறிவிட்டது. அதிலிருந்துதான் இந்தக் கேள்வி.

ஒருமுறை ஒரு சிறுமி, "தண்ணி," என்றாள். நோர்மாவுக்குப் புரியவில்லை. "பால் இருக்காதுல்ல. தண்ணி விடுவோம்," என்று பெரிய மனுஷி மாதிரி விளக்கினாள் அவள். நோர்மா தண்ணீர் விட்டே செய்து கொடுத்தாள், தானும் அதையே ஒரு கிண்ணம் சாப்பிட்டாள். பிறகு துணி துவைக்கும் அறைக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

நோர்மாவைத் தேவதை என்று நினைத்துவிட வேண்டாம். நாக்கு நீளம். கவுண்டி ஆபீசில் பிள்ளைகளைக் கவனிக்கும் கேரல், நோர்மாவின் போன் என்றால் காதிலிருந்து ஒரு முழம் தள்ளி வைத்துத்தான் பேசுவாள். ஆனால் அவசரம் என்றால் கேரல் முதலில் கூப்பிடுவதும் நோர்மாவைத்தான்.

அந்தக் கேரலின் தோளில் தூங்கிக்கொண்டு வந்தவள்தான் மிண்டி. இன்னும் ரெண்டு வயதுகூட நிறையவில்லை. உங்கள் வீட்டில் என்ன போடுவார்கள் என்று இதனிடம் போய்க் கேட்பதா? நோர்மா பெட்டியைக் கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு, அதுவரை எந்தப் பிள்ளைக்கும் செய்யாத ஒன்றைச் செய்தாள். தன் அம்மா போடுவதைப் போட்டாள்.

நோர்மாவின் அம்மா ஆஸ்பத்திரிச் சலவைக் கூடத்தில் வேலை பார்த்தவள். ஆறு பிள்ளைகள், வீட்டுக்கு வராத புருஷன். பெட்டி மக்ரோனியில் ஒரு கை பட்டாணி, ஒரு பீச்சு கடுகு சாஸ், மேலே ஆஸ்பத்திரிக் கேண்டீனில் கிடைத்த உப்பு பிஸ்கட்டை நொறுக்கித் தூவுவாள். "கடுகு போட்டா சீஸ் நெறைய இருக்கற மாதிரி நாக்கு ஏமாந்துரும்," என்பாள். வேறு எங்கேயும் நோர்மா அதைக் கண்டதில்லை. அந்த ருசியை மிண்டியின் வாயில் ஊட்டியபோதே அவள் தன் வீட்டையே அந்தப் பிள்ளைக்கு எழுதிக் கொடுத்துவிட்டாள். அதுதான் வினையாகப் போயிற்று.

மிண்டிக்கு நோர்மா என்று வாயில் வராது, நோமா என்பாள். நாற்காலிமேல் ஏறி நின்று, பிஸ்கட் பொட்டலத்தைப் பிரிக்காமலேயே முஷ்டியால் குத்தி நொறுக்குவது அவள் வேலை. "குத்து, குத்து," என்று நோர்மா பக்கத்தில் நின்று சொல்லிக்கொடுப்பாள். மிண்டியும் "குத்து, குத்து," என்று சொல்லிக்கொண்டே குத்துவாள். லாய்ட் வேலையிலிருந்து வந்து, "யாரு வீட்ட இடிக்கறது?" என்று கேட்க வேண்டும். கேட்காவிட்டால் திரும்பக் கதவுக்கு வெளியே போய் உள்ளே வரச் சொல்லிவிடுவாள்.

மிண்டியைத் தத்து எடுத்துக்கொள்ள நோர்மா உயிரைக் கொடுக்கவும் தயாராக இருந்தாள். ஆனால் பெற்றவளுக்குத்தான் முதல் உரிமை. அவள் பெயர் ஷெல்லி. இருபத்தொரு வயசு. முதுகு வலிக்கென்று வாங்கிய மாத்திரைக்கு அடிமையாகி, குழந்தையைத் தனியாக வீட்டில் விட்டுப் போனவள். இப்போது சிகிச்சையில் இருந்தாள். வாரம் ஒருமுறை ஆபீஸ் அறையில் பிள்ளையைப் பார்க்க அனுமதி.

"அவ விடமாட்டா, பாரு. இந்த மாத்திரைய எவ விட்டிருக்கா?" என்று நோர்மா லாய்டிடம் சொல்லிக்கொண்டே இருப்பாள். சர்ச்சில் மண்டிபோட்டு அவள் வேண்டிக்கொண்டதும் அதைத்தான், ஷெல்லி தவற வேண்டும் என்று. இதை அவளே பிறகு சொன்னாள், நான் கட்டிச் சொல்லவில்லை. ஆனால் ஷெல்லி தவறவில்லை. மழையானாலும் பனியானாலும் ரெண்டு பஸ் மாறி வந்து அந்த அறையில் உட்கார்ந்திருந்தாள். கன்னம் ஒட்டிக் கிடந்தவளுக்கு முகத்தில் சதை பிடித்தது. கடைசியில் ஒரு கோழிக்கறித் தொழிற்சாலையில் வேலையும் கிடைத்தது. கோர்ட்டு பிள்ளையைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லிவிட்டது.

"இதுதானே நம்ம வேலை நோர்மா. வெச்சிருந்துட்டுத் திருப்பிக் குடுக்கறது," என்றான் லாய்ட்.

"தெரியும். நீ வாய மூடு," என்றாள் அவள்.

மிண்டிக்கு அப்போது நாலு வயது முடிந்திருந்தது. ஆபீஸ் வாசலில் ஷெல்லியின் பழைய காரில் அவளை உட்கார்த்தி வைத்து சீட் பெல்ட்டைப் போட்டதும், "நோமா, நோமா," என்று அலறினாள். நோர்மா திரும்பிப் பார்க்காமல் நடந்தாள். ஷெல்லி பின்னாலேயே ஓடி வந்தாள்.

"மிஸஸ் டீக், ஒரு நிமிஷம். இவ என்ன சாப்புடுவா?"

பெற்றவள் வந்து அடுத்தவளிடம் கேட்கிற கேள்வியா இது? எல்லாம் சாப்பிடுவாள் என்று சொல்லிவிட்டுப் போய்விடத்தான் நோர்மா நினைத்திருந்தாள். அந்த ஒன்றையாவது தன்னிடமே வைத்துக்கொள்ள வேண்டும் என்று இருந்தது. ஆனால் ஷெல்லி அவமானத்தில் கழுத்துவரை சிவந்துபோய், சட்டை நுனியைத் திருகிக்கொண்டு நின்றாள். நோர்மாவுக்கு மனசு கேட்கவில்லை.

"பெட்டி மக்ரோனி செய்யத் தெரியுமா உனக்கு?"

"அது தெரியும்."

"அதுல ஒரு கை பட்டாணி போடு. ஒரு பீச்சு கடுகு சாஸ்."

"கடுகா?"

"கடுகுதான். சீஸ் நெறைய இருக்கற மாதிரி நாக்கு ஏமாந்துரும். மேல உப்பு பிஸ்கட்டு. அத நீ நொறுக்காத. பொட்டலத்த அவ கைல குடுத்துரு, அவளே குத்துவா."

"பட்டாணி, கடுகு, பிஸ்கட்டு. பிஸ்கட்ட அவளே குத்துவா," என்று ஷெல்லி ஒருமுறை ஒப்பித்துப் பார்த்துக்கொண்டாள். "தேங்க்ஸ்," என்றாள். நோர்மா விறுவிறுவென்று போய் லாய்டின் வண்டியில் ஏறிக்கொண்டாள்.

அப்புறம் ஷெல்லி வேறு கவுண்டிக்குக் குடிபோய்விட்டாள். ஒரு செய்தியும் கிடையாது. மற்ற பிள்ளைகள் வந்தார்கள், போனார்கள். ஆனால் பெட்டியை எடுக்கும்போதெல்லாம் நோர்மாவுக்கு ஒரே நினைப்புதான். ஒருநாள் கேரலிடம் கேட்டே விட்டாள்.

"நாலு வயசுல பாத்த ஆள ஒரு கொழந்த ஞாபகம் வெச்சிருக்குமா?"

கேரல், "சிலது வெச்சிருக்கும்," என்றாள். அந்தப் பதிலை நோர்மா கெட்டியாகப் பிடித்துக்கொண்டாள். தன்னை மிண்டி மறந்திருக்க மாட்டாள். வேறு எதையும் நோர்மா கேட்கவில்லை, அது ஒன்று போதும் என்றிருந்தாள்.

ஐந்து வருஷம் ஓடியது. நோர்மாவுக்கு இடுப்பு எலும்பில் ஆபரேஷன் ஆகி, இனிமேல் பிள்ளைகள் வேண்டாம் என்று ஆபீசில் சொல்லிவிட்ட சமயம். கேரல் போன் செய்தாள்.

"நோர்மா, ஷெல்லி போயிட்டா. மிண்டியோட அம்மா."

"மாத்திரையா?"

"இல்ல. வேல முடிஞ்சு வர்றப்ப ரோட்டுல ஐஸு. கார் வழுக்கி லாரில போய் மோதிருச்சு. மாத்திரையெல்லாம் அவ அப்புறம் தொடவே இல்ல, நோர்மா. கடைசி வரைக்கும் தொடல."

நோர்மாவுக்குச் சர்ச்சில் மண்டிபோட்டு வேண்டிக்கொண்டதெல்லாம் ஞாபகம் வந்தது. கேரல் தொடர்ந்தாள். டெக்சாஸில் ஒரு பெரியம்மா இருக்கிறாள், அவள் வந்து கூட்டிக்கொண்டு போகும்வரை பிள்ளைக்கு ஒரு இடம் வேண்டும்.

"என்னக் கேக்கணுமா நீங்க? உடனே கூட்டிட்டு வாங்க," என்றாள் நோர்மா.

அழவேண்டிய நேரத்தில் அவளுக்கு உள்ளுக்குள்ளே சந்தோஷமும் பொங்கியது. அது தப்பு என்று தெரிந்தும் அடக்க முடியவில்லை. கைத்தடியை ஊன்றிக்கொண்டு கடைக்குப் போய்ப் பட்டாணி, கடுகு சாஸ், பிஸ்கட் எல்லாம் வாங்கி வந்தாள். லாய்ட் பார்த்துக்கொண்டே இருந்தான்.

"ஓடி வந்து கட்டிப் புடிப்பான்னு நெனைக்காத நோர்மா."

"நான் ஒண்ணும் நெனைக்கல."

சாயங்காலம் மிண்டி வந்தாள். கை கால் நீண்டு, ஷெல்லியின் அதே ஒட்டிய கன்னம். தோளில் பள்ளிக்கூடப் பை. வாசலில் நின்று வீட்டைச் சுற்றிப் பார்த்தாள். பார்வை எதிலும் நிற்கவில்லை.

"ஹலோ மேடம்," என்றாள். பிறகு மெதுவாக, "பாத்ரூம் எங்க இருக்கு?"

அந்தப் பாத்ரூமில்தான் நோர்மா அவளைக் கையைப் பிடித்து டாய்லெட்டில் உட்காரப் பழக்கியிருந்தாள். "நேராப் போயி இடது பக்கம்," என்று கையைக் காட்டினாள். லாய்ட் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

இன்னும் ஒன்று பாக்கி இருந்தது. மிண்டி வந்து சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்ததும் நோர்மா பெட்டியை எடுத்தாள்.

"உங்க வீட்டுல இதுல என்ன போடுவாங்க?"

மிண்டி முதல் தடவையாக நிமிர்ந்து பார்த்தாள்.

"பட்டாணி. அப்புறம் கடுகு சாஸ், கொஞ்சமா. மேல உப்பு பிஸ்கட்ட நொறுக்கிப் போடணும். நொறுக்கறது நான்தான்."

"அட, அது வந்து..." என்று லாய்ட் வாயெடுத்தான். நோர்மாவும் அடுத்த வார்த்தைக்காகத்தான் காத்திருந்தாள்.

"எங்கம்மா கண்டுபுடிச்சது," என்றாள் மிண்டி. "வேற யாரும் இப்படிச் செய்யமாட்டாங்க. ஸ்கூல்ல சொன்னா உவ்வேங்கறாங்க. கடுகு போட்டா சீஸ் நெறைய இருக்கற மாதிரி நாக்கு ஏமாந்துரும்னு எங்கம்மா சொல்லுவா."

யாரிடம் கற்றுக்கொண்டது என்று ஷெல்லி சொல்லாமல் விட்டாளோ, சொல்லியும் பிள்ளை மறந்துவிட்டதோ, இனி யாரைப் போய்க் கேட்பது? இது என் அம்மா செய்தது, உன் வாயில் முதலில் ஊட்டியவள் நான்தான் என்று சொல்ல நோர்மாவுக்கு நாக்கு நுனிவரை வந்தது. சொன்னால் பிள்ளை நம்பவும் நம்பும். நம்பினால் செத்துப்போன அம்மாவிடமிருந்து இன்னும் ஒன்று குறையும். நோர்மா லாய்டின் மணிக்கட்டைப் பிடித்து அழுத்தினாள். அவன் வாயை மூடிக்கொண்டான்.

"நான் கேள்விப்பட்டதே இல்லியே இத," என்றாள் நோர்மா. "எவ்வளவு கடுகுன்னு நீயே சொல்லு. எனக்குத் தெரியாது."

மிண்டி எழுந்து அடுப்புப் பக்கம் வந்தாள். "போதும், போதும்," என்று கையைப் பிடித்துத் தடுத்தாள். பட்டாணியைத் தானே அள்ளிப் போட்டாள். பிஸ்கட் பொட்டலத்தைப் பிரிக்காமல் மேசைமேல் வைத்து முஷ்டியால் இடித்தாள். உதடு தன்பாட்டுக்கு "குத்து, குத்து," என்று முணுமுணுத்தது. லாய்ட் கதவைத் திறந்துகொண்டு வெளியே போய்விட்டான். திரும்பி வந்து கேட்கவேண்டிய கேள்வியை அவன் கேட்கவில்லை.

மிண்டி ரெண்டு கரண்டி சாப்பிட்டாள்.

"எங்கம்மா செய்யற மாதிரியே இருக்கு."

"அவங்க சொன்னபடிதானே செஞ்சோம்."

மூன்றாவது கரண்டி வாய்க்குப் போகவில்லை. அடக்கம் நடந்த அன்றுகூட அழவில்லை என்று கேரல் சொல்லியிருந்தாள். இப்போது அழுதாள். நோர்மா நாற்காலியை இழுத்துப் போட்டு அவளை மாரோடு அணைத்துக்கொண்டாள். பிள்ளை அவள் தோளில் முகத்தைப் புதைத்து "அம்மா, அம்மா," என்று கூப்பிட்டது. அது தன்னை இல்லை என்று நோர்மாவுக்குத் தெரியும்.

"உங்கம்மா கெட்டிக்காரிடா கண்ணு," என்றாள் அவள். அதை அவள் பொய்யாகச் சொல்லவில்லை.