தண்டவாளப் பக்கத்துக் கதவு

மாணவர் விடுதியின் பொதுத் தொலைபேசியில் அம்மாவின் குரல் கேட்டது. வழக்கமான சுகவிசாரிப்பு இல்லை. "பேர்னடெற் அக்கா போயிட்டா, பிள்ளை" என்றார். படுக்கையில் கிடந்தவருக்கு வருத்தம் முற்றிவிட்டது என்று எல்லோருக்கும் தெரிந்துதான் இருந்தது. கண்கள் தாமாகவே நடைகூடத்தின் முடிவில் இருந்த அவசரக் கதவைத் தேடிப் போயின. ஏன் என்று, பழைய டிராம் நிலையத்தில் எங்களோடு இருந்தவர்களுக்கு விளங்கும்.

அங்கே இல்லாதவர்களுக்காகக் கொஞ்சம் சொல்கிறேன். நாங்கள் புலம்பெயர்ந்து வந்த நாட்டில் அது ஒரு சிறிய ஊர். நகரத்திலிருந்து வந்த டிராம் அந்த மஞ்சள் செங்கல் கட்டடத்தோடு நின்றுவிடுமாம். பிறகு பஸ் வந்தது; தண்டவாளத்தைத் தார் மூடியது; யாரோ ஒரு வியாபாரி தளபாடங்களை அடுக்கி வைத்தார். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் நகரசபை, அகதி விண்ணப்பம் போட்ட எங்களைப் போன்ற சில குடும்பங்களை அங்கே குடியேற்றியது. பயணிகள் காத்திருந்த மண்டபத்தில் சமைத்தோம். மேலே ஊழியர்கள் இருந்த அறைகளில் படுத்தோம். மன்னாரிலிருந்து தனியாக வந்த பேர்னடெற் அக்கா, காலையில் முதியோர் இல்லமொன்றைத் துப்புரவாக்கிவிட்டு மத்தியானம் திரும்பிவிடுவார். என் அம்மாவுக்கும் அவர் அக்கா, எனக்கும் அக்கா.

அந்தக் காலத்தில் எங்களைப் போன்றவர்கள் தங்கியிருந்த வீடுகளை, வெளிநாட்டவரை வெறுத்தவர்கள் வேறு ஊர்களில் கொளுத்துவதைத் தொலைக்காட்சியில் பார்த்தோம். அதன் பிறகு யாரும் சத்தமாகப் பேசவில்லை. நான் சப்பாத்தைக் கழற்றாமல் படுத்தேன். பக்கத்து அறை ராசன் அண்ணையும் மற்ற ஆண்களும் மண்டபத்தின் தெருப்பக்க ஜன்னல்களில் பலகை அடித்தார்கள். பிள்ளைகள் பள்ளிக்கூடத்தால் வந்ததும் தெருக்கதவுக்குச் சங்கிலி போட்டுப் பூட்டினோம். அந்தக் கட்டடத்துக்கு வேறு கதவு இல்லை என்றுதான் நினைத்திருந்தோம்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் சைரன் ஊதியது. தீயணைப்புக்காரர் அதை இடைக்கிடை ஊதிச் சோதித்துப் பார்ப்பார்கள் என்பது எங்களுக்குத் தெரியாது. ஊரில் பொம்பர் விமானம் இரைந்தால் நிலத்தில் விழுந்து பழகிய உடம்புகள் யோசிக்கவில்லை. கறி அடுப்பில் கொதிக்க, எல்லோரும் மண்டபத்துத் தரையில் குப்புறப் படுத்தோம். நான் பயணிகள் உட்காரும் வாங்குக்குக் கீழே கிடந்தேன். சைரன் ஓய்ந்தது, ஒன்றும் நடக்கவில்லை. ராசன் அண்ணைதான் முதலில் எழும்பி முழங்காலைத் தட்டினார்.

"அக்கா, பொம்பர் திரும்பிப் போட்டுது. எழும்புங்கோ."

எல்லோரும் சிரித்தோம். அக்கா எழும்பவில்லை. கன்னத்தைத் தரையில் வைத்தபடி, வியாபாரி விட்டுப்போன, சுவரோடு நின்ற பெரிய அலுமாரியின் அடியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இஞ்ச வந்து பாருங்கோ. இந்தக் கல்லு நடுவில தேய்ஞ்சு கிடக்கு. ஆக்கள் மிதிச்ச கல்லு."

எதிர்வீட்டில் ஒரு கிழவர் இருந்தார். ஒருகாலத்தில் அந்த டிராமை ஓட்டியவர். அக்கா என்னையும் கூட்டிக்கொண்டு போய் அவரிடம் கேட்டார். பயணிகள் தெருக்கதவால் வந்து, சீட்டு வாங்கி, அலுமாரிக்குப் பின்னால் இருந்த கதவால்தான் தண்டவாளப் பக்கம் இறங்கினார்கள் என்று கிழவர் கையால் காட்டினார். கட்டடத்தைப் பார்த்துக்கொண்ட அலுவலரோ, கதவைத் திறக்க அன்ட்ராக் என்ற விண்ணப்பம் எழுதிக் கொடுக்க வேண்டும் என்றார். கொடுத்தோம். வந்து பார்க்க அடுத்த மாதத்தில் ஒரு நாளைத் தெர்மின் என்று குறித்துத் தந்தார்கள்.

"அதுவரைக்கும் எரிய வேண்டாமெண்டு நெருப்புக்கும் ஒரு தெர்மின் குடுப்பமோ?" என்று கேட்டுவிட்டு அக்கா சுத்தியலைத் தேடினார்.

ஆண்கள் தடுத்தார்கள். இன்னொரு கதவைத் திறந்தால் கொளுத்த வருகிறவர்கள் உள்ளே வர இன்னொரு வழி என்றார் ராசன் அண்ணை. அவர் சொன்னதும் பிழையில்லை. எனக்கும் அந்தப் பயம்தான்.

"அவங்கள் வராமல் இருக்கிறதுக்கு நீங்கள் பூட்டுங்கோ, தம்பி. நாங்கள் போறதுக்கு நான் பாக்கிறன்."

அக்கா அலுமாரியை நகர்த்தி, கதவில் அடித்திருந்த பலகையைப் பெயர்த்து, துருப்பிடித்த தாழ்ப்பாளுக்கு நல்லெண்ணெய் விட்டு அசைத்தார். கதவு உள்ளிருந்து மட்டும் திறக்கும்படி வைத்தார். பிறகு ஒரு புது வழக்கத்தைத் தொடங்கினார். பின்னேரச் செபமாலை முடிந்ததும், சின்னவர்கள் முன்னால், பெரியவர்கள் பின்னால், அந்தக் கதவால் இறங்கிப் பழைய நடைமேடையில் ஒரு சிறு ஊர்வலம். எங்களோடு இருந்த சைவக்காரரும் வர வேண்டும். "உங்கட பிள்ளையாரும் வரட்டும், இடம் கிடக்கு" என்பார். மழையிலும் விடமாட்டார். இந்த மனிசிக்குப் பக்தி முற்றிப்போச்சு என்று பகிடி பண்ணினோம்.

அது நடந்த நாளில் ஆண்கள் வேலையில் இருந்தார்கள். நல்ல வெளிச்சம். நான் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தேன். தெருவில் உள்ளூர்ப் பொடியன்கள் கத்தினார்கள், கண்ணாடி உடைந்தது, பெற்றோல் மணந்தது. தெருக்கதவின் கீழால் புகை வந்தது. பூட்டின் சாவி என் அம்மாவின் கையில் இருந்தது. நெருப்பு அந்தக் கதவில் இருந்தது. அம்மா சாவியைப் பிடித்தபடி அப்படியே நின்றார். பிள்ளைகள் கத்தத் தொடங்கிய நேரம் பேர்னடெற் அக்கா கையைத் தட்டினார்.

"செபமாலை முடிஞ்சுது. நடவுங்கோ."

நடந்தோம். சின்னவர்கள் முன்னால், ஒவ்வொரு நாளும் போலவே. ஒருவரும் விழவில்லை. ஒரு குழந்தை தன்பாட்டில் பாட்டையும் தொடங்கியது. நடைமேடையில் நின்று பார்த்தபோது அக்காவைக் காணவில்லை. அந்தக் கணத்தில் வந்த பயத்தை இன்றுவரை வேறெதிலும் நான் உணர்ந்ததில்லை. பிறகு புகைக்குள்ளால் இருமிக்கொண்டு வந்தார். அடுப்பை நிப்பாட்டப் போனதாகச் சொன்னார். அம்மா அழுதுகொண்டே அவரை ஏசினார்.

புல்லில் இருந்தபோது அவருடைய கைகளை நான்தான் பிடித்துக்கொண்டேன். "பயந்தால் எனக்கு மூளை வேலை செய்யாது, பிள்ளை. அதுதான் முன்னமே யோசிச்சு வைச்சனான்" என்றார்.

தீயணைப்புக்காரர் வரும்போது தெருக்கதவும் சீட்டு விற்கும் ஜன்னலும் எரிந்திருந்தன. எங்களை வேறு வேறு ஊர்களுக்குப் பிரித்து அனுப்பினார்கள். கட்டடத்தை இப்போது அழகாகத் திருத்தியிருக்கிறார்கள். வாசலில் அதன் வரலாற்றைச் சொல்லும் பலகை உண்டு. டிராமைப் பற்றி எழுதியிருக்கிறது, தளபாட வியாபாரியைப் பற்றியும் எழுதியிருக்கிறது. அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. ஆகவே மிச்சத்தை நான் இங்கே எழுதுகிறேன்.

எனக்குப் பயம் போய்விடவில்லை. விரிவுரை மண்டபத்திலும் படமாளிகையிலும் வெளியே போகும் இரண்டாவது வழியைக் கண்ட பிறகுதான் உட்காருகிறேன். அவரிடமிருந்து நான் வைத்திருப்பது அதுதான்: பயத்தைக் கொண்டு ஒரு கதவைத் தேடிக்கொள்ளும் பழக்கம்.

அக்காவை அடக்கம் செய்த நாளில் மயானத்து மண்டபத்துக்குள் முன்கதவால் போனோம். செபம் முடிந்ததும் கல்லறைப் பக்கத்துக் கதவைத் திறந்தார்கள். ராசன் அண்ணை என் காதருகே, "ரெண்டு கதவு இருக்கு" என்றார். நானும் பார்த்துவிட்டேன் என்று தலையாட்டினேன். பெட்டிக்குப் பின்னால், யாரும் சொல்லாமலே, சின்னவர்களை முன்னுக்கு விட்டு நடந்தோம்.