நான் சொன்னால் அது சாவு ஆகாது

செஞ்சிக் கடைத்தெருவில் எங்களுக்கு மளிகைக் கடை. எஸ்.எஸ்.எல்.சி.யில் தவறியதும் நைனா என்னைக் கல்லாவில் உட்காரவைத்தார். வாங்க வந்தவர்கள் சாமானை மறந்து என் பேச்சைக் கேட்டுவிட்டுப் போவதைப் பார்த்து, கொஞ்ச நாளில் மிளகாய் மூட்டைப் பக்கம் மாற்றினார். அங்கே உட்கார்ந்தால் தும்மல்தான் வரும், பேச்சு வராது என்று நினைத்தார். இரண்டும் வந்தது.

சந்தை நாள் ஒன்றில், கோட்டைமேல் இருக்கும் பழைய பீரங்கிக்கு சர்க்கார் மருந்து போட்டிருக்கிறது, மத்தியானம் வெடிக்கும் என்று தும்மலோடு சொன்னேன். தொண்டூரிலிருந்து வந்திருந்த இரண்டு குடும்பங்கள் வாங்கின வெல்லத்தைப் போட்டுவிட்டு ஊரைப் பார்த்து ஓடின. அந்த வெல்லத்துக்காக நைனா என்னை அடித்தது தனிக்கதை.

எனக்கு ஒரு சிநேகிதன். நான் தவறிய பரீட்சையில் அவன் தேறினான். அதில் அதிசயம் இல்லை. அவன் விடைத்தாளைப் பார்த்து எழுதியும் நான் தவறினேனே, அதுதான் அதிசயம். டவுனை ஒட்டிய கிராமத்துச் சேரியில் அவன் வீடு. அங்கிருந்து பள்ளிக்கூடத்தை முடித்து, வாத்தியார் பயிற்சியும் முடித்த முதல் ஆள் அவன்தான்.

அவன் அப்பாவுக்கு ஊர் வைத்திருந்த வேலை, சாவு சேதி சொல்வது. ஊரில் நிலம் உள்ளவர்கள் வீட்டில் யாராவது செத்தால், சொந்தக்காரர்கள் இருக்கும் ஊர்களுக்கெல்லாம் நடந்து போய்ச் சொல்ல வேண்டும். சொன்ன வீட்டில் முறத்தில் நெல்லோ கேழ்வரகோ போடுவார்கள். ரோடும் பஸ்ஸும் வந்தால் இந்த மாதிரி வேலையெல்லாம் தானாகப் போய்விடும் என்று மேடையில் பேசுகிறவர்கள் சொன்னார்கள். நானும் நம்பினேன். ஆனால் பஸ் வந்ததும் ஜனங்கள் தூரத்து ஊர்களிலும் பெண் கொடுத்துப் பெண் எடுக்க ஆரம்பித்தார்கள். அவன் அப்பா சேதி சொல்லவேண்டிய ஊர்கள் கூடின. முன்னேற்றம் அவருக்கு நடையைத்தான் கொடுத்தது.

ஊரில் சின்னப் பிள்ளைகள்கூட அவரை 'அடே' என்றார்கள். எனக்கு அது வாயில் வராது. மரியாதையாகக் கூப்பிடத் தைரியமும் வராது. அதனால் எப்படியும் கூப்பிடாமலே பேசி ஒப்பேற்றுவேன். வீரன்!

சிநேகிதனுக்குத் திண்டிவனம் தாண்டி ஒரு ஊரில் வாத்தியார் வேலைக்கு உத்தரவு வந்தது. பள்ளிக்கூடம் திறக்கும் நாளில் போய்ச் சேராவிட்டால் வேலை அடுத்தவனுக்குப் போய்விடும். அன்று காலையில், சொம்பில் நெருப்புத் துண்டு போட்டுத் தேய்த்த சட்டையோடு எங்கள் கடை வாசலில் பஸ்ஸுக்கு நின்றான். அப்போதுதான் அவன் அப்பா நொண்டிக்கொண்டு வந்தார். முள் குத்திய கால் பூசணிக்காய் மாதிரி வீங்கியிருந்தது.

"பெரிய வூட்டு ஐயா பூட்டாரு" என்றார்.

"எப்ப?" என்றான் இவன்.

"கோழி கூவச்சொல்ல. மண்டகப்பட்டுக்கு நான் எப்படியாச்சும் பூடுறேன். தொண்டூருக்கு..."

முடிக்கவில்லை. மகனுடைய சட்டையையே பார்த்துக்கொண்டு நின்றார். தொண்டூரில்தான் செத்தவருடைய ஒரே பெண்ணைக் கொடுத்திருந்தது. அவள் வராமல் பிணத்தை எடுக்க மாட்டார்கள். ஒரு திசைக்கு அப்பன், இன்னொரு திசைக்கு மகன். வேறு ஆள் கிடையாது. போனால் வேலை போகும்.

"தொண்டூருக்கு நான் போறேன்" என்றேன். "சைக்கிள் இருக்குது. வாயும் இருக்குது."

"நீங்களா? அது ஆகாது சின்ன மொதலாளி" என்றார் அந்தப் பெரியவர்.

"இன்னா ஆகாது? செத்துட்டாருன்னு சொல்லணும், அவ்ளோதானே? நான் சொன்னா உசுரு திரும்பி வந்துடுமா?"

பஸ் வந்து நின்றது. பெரியவர் பஸ்ஸைப் பார்த்தார், காலைப் பார்த்தார், கடைசியாக மகனைப் பார்த்தார்.

"ஏறுடா" என்றார்.

தொண்டூருக்கு நான் போய்ச் சேரும்போது வெயில் ஏறிவிட்டது. அந்தப் பெண்ணின் மாமியார்தான் வாசலில் இருந்தாள். "யாரு, செஞ்சி செட்டியார் புள்ளயா? வா வா, உக்காரு" என்று கையில் மோரைக் கொடுத்தாள். குடிக்காமல் கீழே வைத்துவிட்டுச் சொன்னேன்.

என்னை ஏற இறங்கப் பார்த்தாள். அப்புறம் சிரித்தாள்.

"பீரங்கி வெடிக்கப் போவுதுன்னு சொன்னவன்தானே நீ? எம் மவன் அன்னிக்கு ஓடுன ஓட்டத்துல செருப்பு போச்சி!"

"சாமி சத்தியமா சொல்றேன் அத்தை. காலைல பூட்டாரு."

"அப்ப சேதி சொல்றவன் எங்க?"

"கால் வீங்கிக்கெடக்குது. மண்டகப்பட்டுக்குப் போயிருக்காரு."

"அவன் புள்ள?"

"அவனுக்கு வாத்தியார் வேலை கெடச்சிருக்குது. இன்னிக்குச் சேரணும்."

பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிட்டாள். "அடியே, இங்க வந்து கேளு! சேதி சொல்றவன் புள்ள வாத்தியாராம்! இது பீரங்கியவிடப் பெரிசா இருக்குதே!"

தெருவே கூடிச் சிரித்தது. என் ஆயுளில் அவ்வளவு பெரிய கூட்டத்தை நான் சிரிக்கவைத்ததில்லை. அன்றைக்குத்தான் நான் உண்மை பேசினேன்.

அடுக்களை வாசலில் அந்தப் பெண் வந்து நின்றாள். அவள் மட்டும் சிரிக்கவில்லை.

"நெசமாவாண்ணே?" என்றாள். அழ வாயெடுத்தாள்.

மாமியார் சட்டென்று திரும்பினாள். "வாய மூடு! சேதி வராம அழுவாத. உசுரோட இருக்கற அப்பனுக்கு அழுது அவரக் கொல்லப் போறியா? சேதி வந்தா ஒன்ன யாரு புடிச்சி வெக்கப் போறாங்க?"

அவள் பொல்லாதவள் இல்லை. மருமகளின் அப்பன் உயிரோடு இருக்க வேண்டும் என்றுதான் சொன்னாள். செஞ்சிப் பக்கத்துப் பாதையைப் பார்த்துக்கொண்டிருக்கும்படி ஏரிக்கரைக்கு ஓர் ஆளையும் அனுப்பினாள். நான் கெஞ்சினேன், கோபித்தேன், அந்த நடுத்தெருவில் நின்று கத்தினேன். கத்தக் கத்த அது விளையாட்டாகவே ஆனது. அந்தப் பெண் முந்தானையைச் சுருட்டி வாயில் வைத்துக் கடித்துக்கொண்டாள். நான் கிளம்பும்போதும் அப்படியேதான் நின்றாள்.

இங்கே பெரிய வீட்டில் பொழுது சாயும்வரை வைத்திருந்து பார்த்தார்கள். மண்டகப்பட்டுக்கு நொண்டிக்கொண்டு போனவர் அதுவரை திரும்பவில்லை. வெயில் காலத்துப் பிணம், அதற்குமேல் தாங்காது. எடுத்துவிட்டார்கள்.

பெரிய வீட்டு மூத்த மகனிடம் போய், சொன்னது நான்தான், நம்பாதது அவர்கள்தான் என்று சொன்னேன். "உன்ன யாருப்பா கேட்டா, நீ கடைக்குப் போ" என்று என்னை அனுப்பினார். சிநேகிதனின் அப்பாவைத்தான் கூப்பிட்டார்.

"உம் புள்ள சட்ட போட்டுக்குனு பஸ் ஏறுனான், எங்கப்பன் மொகத்த எந் தங்கச்சி பாக்கல. நாளைக்கு விடியச்சொல்ல நீ தொண்டூருக்குப் போற. மொறையா சொல்ற."

மறுநாள் காலையில் அவரை சைக்கிள் கேரியரில் வைத்து மிதித்தேன். தொண்டூர் ஏரிக்கரையில் இறங்கிக்கொண்டார். தோளில் இருந்த துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார். நொண்டி நொண்டி நடந்து, தெருமுனையில் போய் நின்றார். வாயைத் திறக்கவில்லை. நின்றார், அவ்வளவுதான்.

வீட்டுக்குள்ளிருந்து அந்தச் சத்தம் வந்தது. நேற்றிலிருந்து வாய்க்குள் அடைத்துவைத்திருந்த அழுகை. தலைவிரிகோலமாக ஓடிவந்து, அவருக்குச் சற்றுத் தள்ளி மண்ணில் விழுந்தாள். அந்த நிலைமையிலும் அந்தத் தூரம் தவறவில்லை.

"எப்ப எடுப்பாங்க?" என்று கேட்டாள்.

"எடுத்துட்டாங்கம்மா."

"மொகத்தப் பாக்க வுடாம பண்ணிட்டியே!"

"எந் தப்புதாம்மா" என்று கை கூப்பினார். அவர் தப்பு என்ன இருந்தது அதில்? மாமியார் என்னைப் பார்த்தாள். கண்ணைத் தாழ்த்திக்கொண்டு முறத்தில் நெல்லைக் கொண்டுவந்து போட்டாள். அவர் துண்டை விரித்து வாங்கிக்கொண்டார்.

திரும்பி வரும்போது, பாதி வழியில், பின்னால் இருந்து பேசினார்.

"அவன் ஊருக்கு வரவேணாம்னு நீங்க போயி சொல்லிடுங்க. கருமாதிக்கு அவன்தான் பற அடிக்கணும்னு கேட்டுனு இருக்காங்க. வந்தா வுடமாட்டாங்க. ஒரு தபா அடிச்சிட்டா அப்பறம் எப்பவும் அடிக்கணும்."

"நீங்களும் அவனோட போயிடுங்களேன்" என்றேன். நீங்கள் என்று அவரைச் சொன்னது அதுதான் முதல் தடவை. யாரும் இல்லாத ரோடு, சொல்லிவிட்டேன்.

"நான் இங்க இருக்கறதாலதான் அவன அங்க வுட்டுவெச்சிருக்காங்க. நானும் பூட்டா தேடிக்குனு வருவாங்க."

அந்த வாரமே போய்ச் சொன்னேன். ஓட்டுக் கூரைப் பள்ளிக்கூடம். கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தவன் சாக்கட்டியோடு வெளியே வந்தான். கேட்டான். நான் சொன்னதில் ஒரு வார்த்தையைக்கூட அவன் சந்தேகப்படவில்லை.

"கால் எப்படி இருக்குது?" என்றான்.

"வீக்கம் வத்தல."

உள்ளே போய்விட்டான். பிள்ளைகள் ஒரே குரலில் பாடம் சொல்ல ஆரம்பித்தன.

பொங்கல் சமயத்தில் சேரியில் தெரு விளக்கு போட்டு, விழா வைத்தார்கள். பெரிய வீட்டு மூத்த மகனும் முன்வரிசை நாற்காலியில் இருந்தார். வந்திருந்த அதிகாரி மேடையில் பேசினார். ரோடு வந்தது, கரண்ட் வந்தது, இந்தத் தெருவிலிருந்தே ஒரு வாத்தியார் வந்துவிட்டார், முன்னேற்றம் என்றால் இதுதான் என்றார். எல்லோரும் கை தட்டினார்கள்.

"அந்தத் தம்பி எங்கே? அப்பா யாரு? கூப்பிடுங்க, மாலை போடலாம்" என்றார் அதிகாரி.

கூட்டத்தின் கடைசியில் நின்றிருந்த பெரியவரை முன்னால் தள்ளிவிட்டார்கள். அவர் நொண்டிக்கொண்டே வந்து, மேடைக்குக் கீழே நின்று கை கூப்பினார்.

"பையன் வரலையா?"

பெரியவர் நாற்காலிப் பக்கம் பார்க்கவில்லை.

"அவனுக்கு லீவு இல்லீங்க" என்றார்.

தமிழ்நாடு முழுக்கப் பள்ளிக்கூடம் மூடியிருந்த நாள் அது. நான் கூட்டத்தில்தான் இருந்தேன். அன்றைக்கு ஒருவரும் சிரிக்கவில்லை.