அடையாள அட்டை கேட்காத வாசல்

கிரிக்கெட்டில் இலங்கை வென்றால் எருக்கலம்பிட்டியில் எங்கள் வீட்டில் அந்தச் செய்தி இரண்டு விதமாகச் சொல்லப்படும். என் கணவர் "வெண்டிட்டம்" என்பார். நான் "வெண்டிட்டாங்கள்" என்பேன். அவர் சொல்லில் நாங்கள் இருக்கிறோம். என் சொல்லில் யாரோ இருக்கிறார்கள்.

"நீ என்ன, வெளிநாட்டுக்காரியோ?" என்று கேட்பார்.

அவருக்கு அது நக்கல். எனக்கு அப்படியில்லை. போர்க்காலத்தில், தொண்ணூறில், வடக்கு முஸ்லிம்களான நாங்கள் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டபோது நான் சின்னப் பிள்ளை. புத்தளத்தில் எங்களை அகதி என்றார்கள். திரும்பி வந்தால் புத்தளத்தார் என்றார்கள். அவரும் எங்களைப் போலப் படகேறிப் போனவர்தான், ஆனால் பந்தைக் கண்டால் எல்லாம் மறந்துவிடும். "வெண்டிட்டம்" என்று சொல்ல எனக்கு மட்டும் நா எழவில்லை. சொன்னால் பொய் சொன்னதாகிவிடும் என்று பயம்.

போன வருடம் கொழும்பின் அந்தப் பெரிய மைதானத்தில் நடந்த பகல் ஆட்டத்துக்கு டிக்கட் எடுத்துவிட்டுத்தான் என்னிடம் சொன்னார். தொலைக்காட்சியில் பார்த்துப் பார்த்து நாடே தன் வீட்டு முற்றம் போல அறிந்துவைத்திருக்கும் இடம். வேண்டாவெறுப்பாக பஸ் ஏறினேன்.

வாசலில் சீருடை போட்ட ஒருவர் கையை நீட்டினார். சோதனைச் சாவடிகளில் பழகிய என் கை, தானாகவே அடையாள அட்டையை எடுத்து நீட்டியது. எந்த ஊர், எங்கே போகிறேன், யாரைப் பார்க்க என்பதற்கெல்லாம் பதிலும் ஆயத்தமாக இருந்தது.

அவர் அட்டையைத் தொடவே இல்லை. சிரித்துக்கொண்டு தனக்குத் தெரிந்த தமிழில் சொன்னார்: "அக்கா, இது வேணாம். டிக்கட் போதும்."

முதலில் கோபம்தான் வந்தது. இவ்வளவுதான் என்றால் இத்தனை வருடம் ஏன் போதாமல் இருந்தது? விழுந்து விழுந்து சிரித்த கணவரை முறைத்துக்கொண்டே படியேறினேன்.

கடைசிப் பந்தில் இலங்கைக்கு மூன்று ஓட்டங்கள் வேண்டியிருந்தன. எல்லோரும் எழும்பினார்கள், நானும் எழும்பினேன். பந்து எல்லைக் கயிற்றைத் தாண்டியதும் யாரோ தொண்டை கிழியக் கத்துவது கேட்டது. நான்தான். பக்கத்தில் இருந்த சிங்களப் பெண் என்னைக் கட்டிப்பிடித்தாள். அப்படி ஒரு சந்தோஷத்தை நான் அதுவரை அறிந்ததில்லை. கணவர் மைதானத்தை விட்டுவிட்டு என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இப்ப என்ன சொன்னனீ?"

"வெண்டிட்டம் எண்டு சொன்னனான்."

"ஆர் வெண்டது?"

"நாங்கள்தான். டிக்கட் இருக்குது, பாருங்கோ."