தண்ணீர் புகுந்த படங்கள்

ஆக்லாந்தின் சான்ட்ரிங்ஹாம் சாலையில், ஒரு புகைப்படக் கடையில் நிற்கிறேன். நியூசிலாந்துக்கு வரும் வழியில் இத்தாலியில் எடுத்த படங்களை வாங்க வந்திருக்கிறேன். கடைக்காரர் சிவம் யாழ்ப்பாணத்துக்காரர். உறையை நீட்டும்போது அவர் முகம் வாடியிருக்கிறது.

“குறை நினையாதேங்கோ அண்ணை. உங்கட பிலிமுக்குள்ள தண்ணி பூந்திட்டுது. திருப்பித் திருப்பி பிரிண்ட் போட்டன், பச்சையாத்தான் வருது.”

என்னால் சிரிப்பை அடக்க முடியவில்லை.

“அது தண்ணிக்குள்ள இருக்கிற ஊருங்க. ரோமானியப் பணக்காரங்க கடலோரமா மாளிகை கட்டிக் கூத்தடிச்ச இடம். நிலம் இறங்கி, ஊரே கடலுக்குள்ள போயிடுச்சு. கண்ணாடி அடி வச்ச படகுல இருந்து எடுத்தேன்.”

சிவத்துக்குத் திடீரென்று உற்சாகம் பிறக்கிறது. உள்ளே திரும்பி மனைவியைக் கூப்பிடுகிறார்.

“மலர், ஓடி வா! கடற்கரையில வீடு வாங்குவம் எண்டு என்னை அரிக்கிறாய் எல்லே? வாங்கினவையின்ர கதியைப் பார்!”

மலர் ஈரக்கையைத் துடைத்தபடி வருகிறார். வண்ணக்கல் பதித்த தரைக்கு மேலே மீன்கள் நீந்தும் படத்தை எடுத்து, வெளிச்சத்தில் பிடித்து வெகுநேரம் பார்க்கிறார்.

“கட்டின உடனேயே கடலுக்குள்ள தாண்டு போச்சுதோ?”

“இல்லைங்க. கொஞ்சம் கொஞ்சமா, பல நூறு வருஷமா.”

“எங்களுக்கு ஒரு அம்பது வருசம் இருந்தாக் காணும்,” என்கிறார் மலர், கணவரிடம். “ஞாயிற்றுக்கிழமையே போய் வீடு பாப்பம். தரையும் இப்பிடித்தான் போடவேணும்.”

சிவம் படங்களை அவசரமாக உறைக்குள் தள்ளி, என் கையில் திணித்து, கடைக் கதவை அகலத் திறந்து பிடிக்கிறார்.