பூனை மாமா மேல் மூன்று புகார்

என் அக்கா புருஷனுக்கு எங்கள் பக்கத்தில் 'பூனை' என்று பெயர். விடியற்காலையில் எத்தனை மாடி ஏறி இறங்கினாலும் ஒரு நாய்கூடக் குரைக்காது, அப்படி ஒரு நடை. பால் போடுகிறவருக்குப் பூனை என்று பெயர் வைத்தவன் எவனோ, குசும்பன். மாமா அதற்கெல்லாம் கோபப்பட்டதே இல்லை. எங்கள் குடும்பத்தில் கோபப்படுவது என் வேலை.

இருபத்தாறு வருஷமாக ஒரே லைன், நூற்றுப் பத்து வீடு. எந்த வீட்டில் யாருக்குச் சர்க்கரை, யார் வீட்டுக்கு விருந்தாளி வந்திருக்கிறார்கள், எந்தக் கதவில் பையை மாட்டினால் வெயில் படும், எல்லாம் அவருக்கு அத்துப்படி. எதையும் எழுதி வைத்துக்கொண்டதில்லை.

போன வருஷம் பால் ஏஜென்ட் அந்த லைனை ஒரு கம்பெனிக்குக் கைமாற்றிவிட்டார். மாமாவுக்கு ஒரு நம்பர் கொடுத்தார்கள். வீட்டுக்காரர்கள் முந்தின நாளே கம்பெனி ஆப்பில் ஆர்டர் போடுவார்கள். மாமா தன் போனில் வருகிற பாக்கெட்டை எடுத்துக் கேமராவுக்குக் காட்டிவிட்டுப் பையில் போட வேண்டும். ஒரு மாதத்தில் மூன்று புகார் வந்தால் நம்பரை மூடிவிடுவார்கள். ஐம்பத்தாறு வயதில் நம்பர் போனால் வேறு யார் கூப்பிட்டு வேலை கொடுப்பார்கள்? அந்த ஆப்பை அவர் போனில் போட்டுக் கொடுத்த புண்ணியவான் நான்தான்.

"மாமா, அதுல என்ன வருதோ அதைக் கொடுங்க. உங்க மூளையை வீட்லயே கழட்டி வச்சிட்டுப் போங்க" என்று படித்துப் படித்துச் சொன்னேன். தலையை ஆட்டினார். கேட்டால்தானே?

முதலில் ஒரு பூட்டிய வீடு. ஊருக்குப் போனவர்கள் ஆர்டரை நிறுத்த மறந்துவிட்டார்கள். வெயிலில் கெட்டுப்போகுமே என்று மாமா பாலைத் திருப்பிக் கொண்டுபோய் டிப்போவில் சேர்த்தார். பால் கொடுக்கவில்லை என்று ஒரு புகார் ஏறியது.

இரண்டாவது புகார் அதே மாதம், மூன்றாம் மாடி டீச்சர் வீட்டில். அவர் வீட்டுக்காரருக்கு இதய ஆபரேஷன் ஆனதிலிருந்து அங்கே கொழுப்பு குறைந்த நீலப் பாக்கெட்தான். அன்றைக்குத் திரையில் கொழுப்பு நிறைந்த ஆரஞ்சு வந்தது. விரல் தவறியிருக்கும் என்று மாமா நீலத்தையே போட்டார். டீச்சருக்கு உண்மையிலேயே விரல்தான் தவறியிருந்தது. ஆனால் கம்பெனிக்கு அதெல்லாம் வேண்டாம். பாக்கெட் மாறினால் அதுவும் புகார்தான்.

மறுநாள் டீச்சர் கதவைத் திறந்து நன்றி சொன்னபோது, மாமா வாய் தவறி நடந்ததைச் சொல்லிவிட்டார்.

"எனக்கு நல்லது செஞ்சதுக்கு உங்களுக்குத் தண்டனையா? இருங்க, நான் சொல்றேன் அவங்களுக்கு" என்றாராம். முப்பது வருஷம் பாடம் நடத்தியவர், சொன்னால் செய்கிறவர்.

அன்று மதியமே மாமாவின் போனில் செய்தி வந்தது: மூன்றாவது புகார், நம்பர் மூடப்பட்டது. மாமாவுக்கு ஒன்றும் புரியவில்லை. போனைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். அவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, ஸ்பீக்கரைப் போட்டு நான் கம்பெனியைக் கூப்பிட்டேன். நாற்பது நிமிஷம் பாட்டுக் கேட்டபிறகு ஒரு பெண் எடுத்தாள்.

"மூணாவது மாடி வீட்ல இருந்து வந்திருக்கு சார்."

"என்ன எழுதியிருக்காங்க? படிங்க."

படித்தாள். "தவறு என்னுடையது. இவர் வந்த நாளிலிருந்து எங்களுக்கு ஒரு குறையும் வைத்ததில்லை. என் கணவரின் உடல்நிலையை எங்கள் பிள்ளைகளைவிட இவர் நினைவில் வைத்திருக்கிறார். தயவுசெய்து இவரைத் தண்டிக்காதீர்கள்." பிறகு அவளே சொன்னாள்: "நல்லாதான் சார் எழுதியிருக்காங்க."

"அப்புறம் என்னம்மா?"

"எழுதறதுக்கு அந்த ஆப்புல புகார்னு ஒரு இடம்தான் சார் இருக்கு. அதுல என்ன எழுதினாலும் கணக்குல ஏறிடும். எங்களால இறக்க முடியாது."

"யாரால முடியும்?"

"தெரியல சார்."

திட்ட வாயெடுத்தேன். பாவம், அவளுக்கும் ஒரு நம்பர் இருக்கும் என்று போனை வைத்துவிட்டேன். பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்ததற்கு யாரைப் போய் அடிப்பது? எனக்குக் கையாலாகாத கோபத்தில் அழுகைதான் வந்தது.

மறுநாள் மாமா வழக்கம்போல மூன்றரைக்கு எழுந்து, சட்டையை மாட்டிக்கொண்டு, கட்டிலிலேயே உட்கார்ந்திருந்தார். அக்கா காப்பி கொண்டுவந்து பக்கத்தில் வைத்தாள். ஏழு மணிக்கு டீச்சர் போன் செய்தார். ஸ்பீக்கரில் எங்கள் எல்லோருக்கும் கேட்டது.

"இன்னைக்கு வேற யாரோ போட்டுட்டுப் போயிருக்காங்களே, உடம்பு சரியில்லையா?"

"லேசா கால் வலி, டீச்சர்."

"நான் எழுதினதைப் பார்த்தாங்களா? சரி பண்ணிட்டாங்களா? இல்லன்னா சொல்லுங்க, இன்னொண்ணு எழுதறேன்."

சொல்லிவிட வேண்டும் என்று எனக்கு நாக்கு துடித்தது. போனைப் பிடுங்கப் போனேன். மாமா என் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"பார்த்தாங்க, டீச்சர். எனக்குப் படிச்சே காட்டினாங்க. என்னைப் பத்தி யாரும் அப்படிச் சொன்னதில்ல."

"அப்பாடா. அப்ப நாளைக்கு வந்துருவீங்கல்ல?"

"கால் சரியானதும் வந்துடறேன், டீச்சர்" என்றார் மாமா.