கண்டனம் கேட்டு ஒரு மனு

பதவி உயர்வுப் பட்டியல் வந்த அன்று எங்கள் தாலுகா ஆபீஸில் எல்லாருக்கும் சுப்பையா காபி வாங்கித் தந்தார். ஹெட் கிளார்க் ஆகிவிட்டோம் என்ற நம்பிக்கை. குடித்து முடித்த பிறகுதான் கவரைப் பிரித்தோம். அவருக்கு ஜூனியர்கள் இரண்டு பேர் பட்டியலில் இருந்தார்கள், அவர் இல்லை. விடுபட்டவர் பட்டியலில் அவர் பெயருக்கு எதிரே 'தண்டனை நிலுவை' என்று இருந்தது. ரிட்டயர் ஆக அவருக்கு ஒன்றரை வருஷம். பட்டியலோ இரண்டு வருஷத்துக்கு ஒன்று.

"அது என்னய்யா நிலுவை? ஏழு வருஷத்துக்கு முந்துன கதைல்ல?" என்றார்.

கதை இதுதான். அறுபதுகளில் ஒரு சதுர்த்திக்கு அவர் அரைநாள் லீவில் பிள்ளையார்பட்டி போனார். ரெக்கார்டு ரூம் சாவியும் இடுப்பிலேயே சாமி பார்க்கப் போய்விட்டது. அன்றைக்கென்று இன்ஸ்பெக்‌ஷன். வந்த அதிகாரி பூட்டை மட்டும் பார்வையிட்டுத் திரும்பினார். சில்லறைத் தப்புகளுக்குக் கொடுக்கும் பதினேழு-ஏ மெமோ, விளக்கம், கடைசியில் 'கண்டனம்'. தண்டனைகளில் அதுதான் கடைக்குட்டி. ஒரு வருஷம் பதவி உயர்வு கேட்க முடியாது, பிறகு தடையில்லை.

ஆர்டரைக் கொடுத்து அவரிடம் கையெழுத்து வாங்கி, சர்வீஸ் ரிஜிஸ்டரில் சிவப்பு மையில் ஏற்றி, கொடுத்தாயிற்று என்று மேலே ஒப்புதல் அனுப்ப வேண்டியவன் நான். ஊழியர் விவகாரம் பார்க்கும் எஸ்டாப்ளிஷ்மென்ட் சீட் என்னுடையது. கறையில்லாத அவர் புத்தகத்தில் சிவப்பு மை வைக்க எனக்கு மனம் வரவில்லை. ஆர்டரை ஃபைல் கட்டுக்கு அடியில் செருகினேன். எங்கள் ஆபீஸில் அடியில் போன காகிதம் மேலே வந்ததாகச் சரித்திரம் கிடையாது. "வெறும் கண்டனம்தான், மறந்துருங்க" என்று அவரிடம் சொல்லிவிட்டு, நல்லது செய்த திருப்தியில் இரண்டு வடை கூடுதலாகத் தின்றேன்.

சுப்பையா மனு எழுதினார். முடிந்துபோன தண்டனையைக் காட்டி உயர்வை மறுப்பது ஒரே தப்புக்கு இரண்டு தண்டனை, பதவி உயர்வு சட்டப்படி என் உரிமை என்று. அப்போதிருந்த ஹெட் கிளார்க் ரிஜிஸ்டரைப் புரட்டினார்.

"முடிஞ்சுபோச்சுன்னு எழுதியிருக்கீக. எங்க முடிஞ்சுச்சு? இன்னும் ஆரம்பிக்கவே இல்லையே!"

"அப்ப நான் தண்டனையே வாங்கலைல்ல? லிஸ்ட்டுல சேருங்க."

"குத்தம் செஞ்சுட்டீகல்ல? இப்ப வாங்குனா இன்னைலருந்து ஒரு வருசம்."

அப்படியானால் அவர் கிளார்க்காகவே வீட்டுக்குப் போக வேண்டியதுதான். 'எனக்குரிய கண்டனத்தை அன்றைய தேதியிலேயே வழங்கியதாகக் கருத வேண்டுகிறேன்' என்று இன்னொரு மனு போட்டார். தண்டனை கேட்டுக் கும்பிட்ட அரசு ஊழியரை நான் கண்டது அவர் ஒருவரைத்தான். மேலிடம் பதில் கேட்டது: தாமதத்துக்கு யார் பொறுப்பு? ஆர்டரை வாங்காமல் சுப்பையாவே டபாய்த்தாரா?

ஆபீஸ் முழுக்க ஃபேனை அண்ணாந்து பார்த்தது. சீட் யாருடையது என்று சுப்பையாவுக்குத் தெரியும். ஆனால் "யாருன்னு தெரியலைன்னு எழுதிருவோம், விடுங்க" என்றார், என் பக்கம் திரும்பாமலே. எனக்கு வெட்கமாகப் போயிற்று. அப்படியும் இரண்டு நாள் பேசாமல்தான் இருந்தேன். மூன்றாம் நாள் கட்டை அவிழ்த்து, ஆர்டரைத் தூசி தட்டி எடுத்து, 'பொறுப்பு நானே' என்று எழுதிக் கொடுத்தேன்.

கண்டனம் பழைய தேதிக்கே போனது. சுப்பையா எங்கள் ஆபீஸிலேயே ஹெட் கிளார்க் ஆனார். எனக்குப் பதினேழு-ஏ. முடிவு, அதே கண்டனம்.

அந்த ஆர்டர் தபாலில் வந்த காலையிலேயே சுப்பையா கூப்பிட்டார். மேஜையில் என் ரிஜிஸ்டர், பக்கத்தில் சிவப்பு மை.

"இங்குட்டு வாங்க. கையெழுத்தப் போடுங்க."

"டீ குடிச்சுட்டு வந்து..."

"டீ எங்கயும் போகாது. இன்னைக்கே ஏத்துனாத்தான் அடுத்த லிஸ்ட்டுல இருப்பீக."

எழுதி, ஊதிக் காயவைத்து, ஒப்புதலையும் அப்போதே தபாலில் சேர்த்தார். புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்குச் சொல்கிறேன்: சிநேகிதனுக்குத் தண்டனை வந்தால் ஒரு நாள்கூட ஆறப்போடாதீர்கள்.

அடுத்த பட்டியலில் என் பெயர் இருந்தது. எல்லாருக்கும் நான்தான் காபி வாங்கினேன், கவரைப் பிரித்துப் பார்த்த பிறகு.