இரண்டாவது முடிச்சு

நம்பாதவர்கள் நம்பாமலே போங்கள், எனக்கொன்றும் நட்டமில்லை. ஆனால் இது நடந்தது. சந்தேகமிருந்தால் கோட்டையூரில் விசாரித்துக்கொள்ளுங்கள். ரோகிணியிடம் மட்டும் கேட்டுவிடாதீர்கள். அவள் இன்றைக்கும் ஷூ லேஸ்கூடக் கட்டுவதில்லை.

ரோகிணி அப்போது மருத்துவக் கல்லூரியில் முதலாமாண்டு. உடற்கூறியலில் ஏற்கெனவே ஒருமுறை மண்ணைக் கவ்வியவள். இந்த முறையும் போனால் ஒரு வருடமே போச்சு. அவள் அப்பா மருதுபாண்டியோ, கோட்டையூரில் தன் உரக்கடைக்கு யார் வந்தாலும் "நம்ம பாப்பா டாக்டரு" என்று சொல்லாமல் மூட்டையைத் தூக்க மாட்டார். பரீட்சைக்கென்று கொப்புடையம்மன் சந்நிதியில் வைத்து வாங்கிய கறுப்புக் கயிற்றை அவள் மணிக்கட்டில் கட்டிவிட்டதும் அவர்தான்.

அன்று மத்தியானம், பிணம் அறுத்துப் படிக்கும் கூடத்தில் அவள் தனியாக இருந்தாள். மற்றவர்கள் சாப்பிடப் போயிருந்தார்கள். மேஜையில் முகம் மூடிய கிழவர். 'இவரே எங்கள் முதல் ஆசான்' என்று முதல் நாள் உறுதிமொழி எடுத்தது இவர் காலடியில்தான்.

வயிற்றுக்குள் பெருந்தமனியிலிருந்து ஒரு குட்டைத் தண்டு கிளம்பும். அதற்கு மூன்று கிளை. மூன்றிலும் மெலிந்தது மேலே ஏறி, வளைந்து, இரைப்பையின் உள்வளைவோடு இறங்கி ரத்தம் கொடுக்கும். அதைக் கொழுப்பு நீக்கி முழுசாக எடுத்துக்காட்ட வேண்டும். அறுத்துவிட்டால் பெயில் என்று பாடம் எடுக்கும் பூமிநாதன் சார் கறாராகச் சொல்லியிருந்தார்.

இடுக்கி வழுக்கியது.

டக்.

அறுந்தேவிட்டது. சட்டென்று மணிக்கட்டுக் கயிற்றிலிருந்து ஓர் இழையை உருவினாள். இரண்டு முனையையும் சேர்த்து ஒரு முடிச்சுப் போட்டாள். மேலே கொழுப்பை அப்பிவிட்டால் யாருக்குத் தெரியும்? செத்தவரா வந்து சாட்சி சொல்லப் போகிறார்?

அப்போதுதான் மருந்து நெடி அடங்கியது. உர வாசம் வந்தது. அப்பாவின் கடை வாசம்...

விரலுக்கடியில் தமனி துடித்தது. செத்து ஒரு வருடமான உடம்பு.

முகத்துணி உள்ளே போயிற்று. வெளியே வந்தது.

"இன்னொரு முடிச்சு போடு பாப்பா..."

அப்பாவின் குரல்.

ஓடினாள்.

வராந்தாவில் போன் அடித்தது. அம்மா வீரலட்சுமி.

"அப்பா கடையில வயித்தைப் பிடிச்சுக்கிட்டு சுருண்டு விழுந்துட்டாக..."

காரைக்குடியில் ஒரு ஆஸ்பத்திரியில் வயிற்றைத் திறந்தார்கள். மருதுபாண்டி மேஜையிலேயே போய்விட்டார். சர்ஜன் தண்டாயுதபாணி கையில் ஒரு கிண்ணத்தோடு வெளியே வந்தார். இரைப்பைத் தமனி அறுந்து வயிறெல்லாம் ரத்தம் என்றார். முன்னால் ஏதும் ஆபரேஷன் நடந்ததா என்று கேட்டார். அவர் உடம்பில் கத்தியே பட்டதில்லை என்றாள் அம்மா.

அதற்குள் ஓடி வந்து சேர்ந்திருந்த ரோகிணியிடமும் சர்ஜன் கிண்ணத்தைக் காட்டினார். ஒரு கறுப்பு இழை.

"யாரோ கட்டியிருக்காக. ஒத்த முடிச்சு, அவுந்துருச்சு. இன்னொரு முடிச்சு விழுந்திருந்தா பொழைச்சிருப்பாரு."

பதினாறாம் நாள் காரியம் முடிந்து ரோகிணி கல்லூரிக்குப் போனாள். கிழவரின் தமனி வேரிலிருந்து நுனிவரை முழுசாக இருந்தது. முடிச்சில்லை, கிழிசலில்லை. பூமிநாதன் சார் குனிந்து பார்த்துவிட்டு, பக்குவமான கை என்று எல்லார் முன்னாலும் பாராட்டினார்.

ரோகிணி பாஸ்.